புல் நகானோவை எங்கிருந்து பார்க்கத் தொடங்குவது

ஜப்பானிய மல்யுத்த வீராங்கனை புல் நகானோவைத் தேடினால் முதலில் வந்து நிற்பது அந்தக் கூண்டுதான். நாலு மீட்டர் உயரக் கம்பிவலைக் கூண்டு, அதன் உச்சியில் தலைமுடியை நட்டுக்குத்தலாக நிறுத்திய ஒரு பெண், கீழே மல்லாந்து கிடக்கும் இன்னொரு பெண். அரை நிமிட வீடியோ. நானும் அதைத்தான் முதலில் பார்த்தேன். வாயைப் பிளந்தேன், அடுத்த வீடியோவுக்குப் போய்விட்டேன். ஒரு வருஷம் கழித்து 1985இல் தொடங்கி வரிசையாகப் பார்த்துக்கொண்டே வந்து அதே கூண்டுக்கு வந்து சேர்ந்தபோது, நடுராத்திரி, ஹெட்ஃபோனைக் கழற்றி வைத்துவிட்டு அழுதேன். அந்த அரை நிமிடத்தில் ஒரு ஃப்ரேம்கூட மாறியிருக்கவில்லை. அதற்கு முன்னால் இருந்த ஐந்து வருஷத்தை நான் பார்த்திருந்தேன், அவ்வளவுதான்.

அதனால் நான் சொல்லப்போவது முழுக்க வரிசையைப் பற்றித்தான். எந்தப் போட்டியை முதலில் பார்ப்பது, அதில் யாரைப் பார்ப்பது, எதைத் தாண்டிப் போகலாம், மொழி தெரியாமல் எப்படிப் பின்தொடர்வது. கூண்டை ஏற்கெனவே பார்த்துவிட்டீர்கள் என்றாலும் பரவாயில்லை, மறுபடி அங்கே வருவோம். இன்னும் பார்க்கவில்லை என்றால் தயவுசெய்து கொஞ்சம் பொறுங்கள்.

அடிப்படை விவரம் கொஞ்சம். இயற்பெயர் கெய்கோ நகானோ. 1968 ஜனவரி 8, சைத்தாமா மாநிலத்தின் கவாகுச்சி நகரில் பிறந்தவர். ‘புல்’ என்பது ரிங் பெயர், ஆங்கிலத்தில் காளை என்று அர்த்தம். அவர் சேர்ந்த நிறுவனம் ஆல் ஜப்பான் விமன்ஸ் ப்ரோ ரெஸ்லிங், ரசிகர்கள் சுருக்கமாக ‘ஜென்ஜோ’ என்பார்கள். மட்சுனாகா சகோதரர்கள் அதை ஆரம்பித்ததும் அதே 1968இல்தான். 1983இல், 15 வயதில், நகானோ அங்கே ரிங்கில் ஏறினார். ஜென்ஜோவில் பெண்களுக்கு மூன்று தடைகள்: குடி கூடாது, சிகரெட் கூடாது, ஆண்களோடு பழகக் கூடாது. அதோடு 25 வயது ஆனால் ஓய்வு பெற்றுவிட வேண்டும் என்று ஒரு வழக்கம். இந்த 25ஐ மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பத்தொன்பது இருபது வயதுப் பெண்கள் ஏன் நாளைக்கு உலகம் இல்லை என்பதுபோல் விழுந்து புரள்கிறார்கள் என்ற கேள்விக்குப் பாதிப் பதில் அதில்தான் இருக்கிறது.

சரி, தேடுவது எப்படி. ஆங்கில எழுத்தில் தேடினால் ஒரே பத்து வீடியோ சுற்றிச்சுற்றி வரும். விக்கிபீடியாவில் அவருடைய பக்கத்தைத் திறந்து, மொழிப் பட்டியலில் ஜப்பானிய மொழிக்கு மாறி, அங்கே தலைப்பாக இருக்கும் பெயரை அப்படியே நகல் எடுத்துத் தேடுபெட்டியில் ஒட்டுங்கள். எதிராளியின் பெயரையும் அதேபோல் எடுத்துப் பக்கத்தில் சேர்த்தால் இன்னும் நல்லது. தேதியை வருஷம், மாதம், நாள் என்ற வரிசையில்தான் அங்கே எழுதுவார்கள். சில தலைப்புகளில் அரசர் ஆண்டு இருக்கும்: ஷோவா என்று போட்டிருந்தால் அந்த எண்ணோடு 1925ஐயும், ஹெய்செய் என்று போட்டிருந்தால் 1988ஐயும் கூட்டுங்கள். ஷோவா 60 என்றால் 1985, ஹெய்செய் 2 என்றால் 1990. இந்தக் கணக்கு தெரியாமல் நான் ஒரே போட்டியை இரண்டு வேறு போட்டிகள் என்று நினைத்து நாள்கணக்கில் தேடியிருக்கிறேன்.

இன்னொன்று, அந்தக் காலத்து டிவி ஒளிபரப்பில் போட்டிகளை வெட்டித்தான் போட்டார்கள். இருபது நிமிடச் சண்டை டிவியில் பத்து நிமிடமாகக் குறைந்திருக்கும். திடீரென்று ஒருவர் முகத்தில் ரத்தம், இன்னொருவர் தரையில், எப்படி நடந்தது என்றே தெரியவில்லை என்றால் உங்கள் கவனக்குறைவு இல்லை, வெட்டுதான். வீடியோவின் நீளத்தையும் போட்டி முடிந்ததும் அறிவிப்பாளர் சொல்லும் நேரத்தையும் ஒப்பிட்டால் எவ்வளவு போயிருக்கிறது என்று தெரிந்துவிடும். எண்கள் பெரும்பாலும் திரையிலேயே வரும், ஜப்பானிய மொழி தேவையில்லை.

இப்போது முதல் போட்டி. 1985 ஆகஸ்ட் 28, ஒசாகா-ஜோ ஹால். டம்ப் மட்சுமோட்டோவுக்கும் சிகுசா நகாயோவுக்கும் நடந்த, தோற்றவர் தலையை மொட்டையடிக்கும் போட்டி. புல் நகானோவைப் பார்க்க வந்தால் இவர்கள் இரண்டு பேர் சண்டையை ஏன் காட்டுகிறாய் என்று கேட்பீர்கள். காரணம் இருக்கிறது. சிகுசாவும் லயனஸ் அசுக்காவும் சேர்ந்த ஜோடிக்கு க்ரஷ் கேல்ஸ் என்று பெயர். அந்த வருஷங்களில் ஜப்பானில் பள்ளிக்கூடப் பெண்கள் இந்த ஜோடிக்காகத் தொண்டை கிழியக் கத்தினார்கள். மேடையேறிப் பாட்டும் பாடினார்கள், ரிங்கிலும் அடித்தார்கள். அவர்களுக்கு எதிரே நின்ற பெரிய வில்லிதான் டம்ப். சிகுசாவும் டம்ப்பும் ஒரே 1980இல் ரிங்கேறியவர்கள், ஒரு செட்டு. டம்ப்பின் கும்பலுக்கு ‘கொகுஆகு தோமெய்’, மகா கொடியவர்களின் கூட்டணி என்று பெயர். கையில் கத்தரி, சங்கிலி, மூங்கில் வாள். நடுவர் அபே ஷிரோ வெளிப்படையாக வில்லிகள் பக்கமே நிற்பார். எதிராளியை மூன்று எண்ணும்வரை தரையில் அமுக்கிப் பிடித்தால் ஜெயம். சிகுசா பிடித்தால் இவர் மெதுவாக எண்ணுவார், டம்ப் பிடித்தால் படபடவென்று எண்ணிவிடுவார். இது அன்றைய கதையின் பகுதி, அதைப் பார்த்து எரிச்சல் வரத்தான் வேண்டும்.

இந்தப் போட்டியை இரண்டு தடவை பாருங்கள். முதல் தடவை சாதாரணமாக. சிகுசா தோற்கிறார், ரிங்கின் நடுவில் உட்காரவைத்து அவர் தலையைச் சிரைக்கிறார்கள், அரங்கில் சிறுமிகள் அழும் சத்தம் ஒலிவாங்கியையே நிறைக்கிறது. இரண்டாவது தடவை சிகுசாவையும் டம்ப்பையும் விட்டுவிட்டு, ரிங்கைச் சுற்றி நிற்கும் டம்ப்பின் ஆட்களில் ஒரே ஒரு பெண்ணைத் தேடுங்கள். தலையில் ஒரு பக்கம் முடி இருக்கும், மறுபக்கம் மழித்திருக்கும். அவர்தான். 17 வயது. தலைவி அசைந்தால் அவரும் அசைகிறார், ஏதாவது எடுத்துக் கொடுக்க வேண்டுமா என்று தலைவியின் கையையே பார்த்துக்கொண்டிருக்கிறார். நான் சொல்லும் ஐந்து வருஷம் இங்கேதான் தொடங்குகிறது.

அந்தப் பாதித் தலையைப் பற்றிக் கொஞ்சம் நின்று பேச வேண்டும். நகானோ வில்லியாக ஆசைப்பட்டு வந்தவர் இல்லை. டம்ப்பின் கும்பலில் அவரைச் சேர்த்தது மேலிடம், தலையைப் பாதி சிரைக்கச் சொன்னதும் மேலே இருந்தவர்கள். வேண்டாம் என்று அழுததாக அவரே பிற்பாடு பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். யோசித்துப் பாருங்கள், முழு மொட்டை என்றால்கூட ஒரு தொப்பி போட்டுக்கொண்டு வெளியே போகலாம், வேண்டுதல் என்று சொல்லிக்கொள்ளலாம், பாதித் தலை என்பது ரிங்குக்கு வெளியேயும் கூடவே வரும். கடைக்குப் போனாலும் அதுதான், ரயிலில் உட்கார்ந்தாலும் அதுதான். வெறுக்கப்படுவதுதான் உன் வேலை என்று பதினேழு வயதில் தலையிலேயே எழுதிவிட்டார்கள். பார்க்கும்போது இதை நீங்கள் மறந்துவிடக் கூடாது, ஏனென்றால் பிற்பாடு அவர் தலைமுடியை வைத்துச் செய்யப்போவது எல்லாம் இதற்கான பதில்.

1986 நவம்பர் 7, அதே ஒசாகா-ஜோ ஹாலில் மறுபோட்டி. இந்தத் தடவை சிகுசா ஜெயித்தார், டம்ப் தலை மொட்டையானது. இதையும் பார்த்துவிடுங்கள், நேரம் இல்லை என்றால் கடைசிப் பத்து நிமிடம் போதும். அதே 1986இல் டம்ப்போடு அமெரிக்கா போய் டபிள்யூடபிள்யூஎஃப் (இப்போதைய டபிள்யூடபிள்யூஈ) நிறுவனத்தின் ரிங்கிலும் புல் இறங்கினார். அந்தப் போட்டிகள் கிடைத்தால் பாருங்கள், கிடைக்காவிட்டால் நஷ்டம் இல்லை.

இங்கே ஒரு வார்த்தை. “எல்லாம் முன்கூட்டியே பேசி வைத்த சண்டைதானே” என்று யாராவது உங்களிடம் சொல்வார்கள். ஆமாம், முடிவு பெரும்பாலும் பேசி வைத்ததுதான். கூத்தில் துரியோதனன் சாகப்போகிறான் என்று ஊருக்கே தெரியும், அப்படியும் விடியவிடிய உட்கார்ந்து பார்க்கிறோம். முடிவு தெரிந்திருப்பதால் விழும் உடம்புக்கு வலி குறைவதில்லை. ஜென்ஜோவில் அதற்கும் மேலே ஒன்று உண்டு: இளையவர்களின் போட்டிகளில் எதிராளியைத் தரையில் அமுக்கி மூன்று எண்ணும்வரை பிடிக்கும் அந்தப் பகுதி நிஜப் போட்டியாகவே நடந்தது என்று அங்கே இருந்தவர்கள் சொல்லியிருக்கிறார்கள். அந்த வயதில் அங்கே வளர்ந்தவர்கள் பிற்பாடு ரிங்கில் ஏன் அவ்வளவு மூர்க்கமாக இருந்தார்கள் என்பது இதைக் கேட்டபின்தான் எனக்குப் புரிந்தது.

அப்புறம் 1988, 1989. இந்த இரண்டு வருஷத்தில் போட்டிகளைத் தேடுவதைவிட என்ன நடந்தது என்று தெரிந்துகொள்வதுதான் முக்கியம். 1988 பிப்ரவரியில் டம்ப் ஓய்வு பெற்றார். நிழலாக நின்ற பெண்ணுக்கு இப்போது நிழல் தர யாரும் இல்லை. புல் தனக்கென்று ‘கொகுமோன்தோ’ என்ற அணியை நடத்த ஆரம்பித்தார். அதே வருஷம் ஜப்பான் கிராண்ட் ப்ரீ போட்டித்தொடரை ஜெயித்தார். 1989 மே 6இல் யோகோஹாமா அரீனாவில் சிகுசா விடைபெற்றார், ஆகஸ்டில் லயனஸ் அசுக்காவும் போய்விட்டார். அந்தப் பெண்களைப் பார்க்க வந்த பள்ளிக்கூடப் பெண்களும் அவர்களோடு போய்விட்டார்கள். யாரை எதிர்த்து நிற்பதுதான் வில்லியின் வேலையோ, அந்த நாயகிகளே இல்லை. ஜென்ஜோவின் மிகப் பெரிய பட்டமான டபிள்யூடபிள்யூடபிள்யூஏ பட்டம், ரசிகர்கள் சிவப்பு பெல்ட் என்று சொல்வது, யாரிடமும் இல்லாமல் காலியாகக் கிடந்தது.

1990 ஜனவரி 4, டோக்கியோவின் கொரகுவென் ஹால். மிட்சுகோ நிஷிவாக்கியைத் தோற்கடித்து அந்தச் சிவப்பு பெல்ட்டை எடுத்தவர் புல் நகானோ. நாலு நாள் கழித்துத்தான் 22 வயது ஆகப்போகிறது. இந்தப் போட்டி கிடைத்தால் கட்டாயம் பாருங்கள், ஆனால் சண்டைக்காக மட்டும் இல்லை, சாம்பியன் எப்படி நிற்கிறார் என்பதற்காகப் பாருங்கள். 1985இல் தலைவியின் கையையே பார்த்துக்கொண்டிருந்த கண்கள் இப்போது எங்கே பார்க்கின்றன என்று பாருங்கள். இந்தக் காலத்திலிருந்து அவர் முடி மேலே போக ஆரம்பிக்கிறது. சிரைத்த பக்கங்களுக்கு நடுவே மிச்ச முடி எல்லாவற்றையும் சேர்த்து, ஸ்ப்ரே அடித்து, கோபுரம் மாதிரி நேர்க்குத்தாக. கண்ணைச் சுற்றி நீலமும் கறுப்புமாகப் பூச்சு, உதட்டிலும் கரும்பூச்சு. யாரோ அவமானமாகச் செய்துவிட்ட தலையை எடுத்து அவர் கிரீடமாக்கிக்கொண்டார். இதை நான் அழகுக்காகச் சொல்லவில்லை, 1985 முகத்தையும் 1990 முகத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள், உங்களுக்கே தோன்றும்.

கூண்டுக்குப் போவதற்கு முன் ஒரே ஒரு அடியைப் புரிந்துகொள்ள வேண்டும். கில்லட்டின் லெக் ட்ராப். எதிராளி மல்லாந்து கிடப்பார், இவர் மேலிருந்து குதித்து, உட்கார்ந்த நிலையில் விழுந்து, தன் காலின் பின்பக்கத்தை எதிராளியின் தொண்டைக்குக் குறுக்கே இறக்குவார். வீடியோவின் வேகத்தைப் பாதியாகக் குறைத்துப் பாருங்கள். காலை யார் வாங்குகிறார் என்று நாம் கீழே இருப்பவரைத்தான் பார்ப்போம். ஆனால் குதித்தவர் எதன்மேல் விழுகிறார் என்று கவனியுங்கள். இடுப்பு, முதுகுத்தண்டின் அடி. மொத்த உடம்பின் எடையும் அங்கேதான் இறங்குகிறது. ரிங்கின் மூலைக் கம்பத்தில் ஏறி மேல் கயிற்றிலிருந்து குதித்தாலே அப்படி. புல் பெரிய உடம்புக்காரி. அந்த உடம்பை வைத்துக்கொண்டு மூன்சால்ட்டும் அடிப்பார், அதாவது மேல் கயிற்றில் முதுகைக் காட்டி நின்று பின்பக்கமாகச் சுழன்று விழுவது. இந்த அடிகளை மூன்று நாலு போட்டிகளில் பார்த்துப் பழகிவிட்டீர்கள் என்றால் போதும், உயரத்துக்கும் வலிக்கும் உள்ள கணக்கு உங்கள் கண்ணுக்குத் தெரிய ஆரம்பித்துவிடும்.

இனி எதிராளி. அஜா கோங். 1970இல் பிறந்தவர், அப்பா அமெரிக்கப் படையில் இருந்த கறுப்பினத்தவர், அம்மா ஜப்பானியர். சிகுசா நகாயோவைப் பார்த்து ஆசைப்பட்டு ஜென்ஜோவில் சேர்ந்த அவரையும் தூக்கி வில்லிகள் பக்கம்தான் போட்டார்கள். அதாவது புல்லுக்கு நடந்ததே அவருக்கும் நடந்தது, இரண்டு மூன்று வருஷம் தள்ளி. பைசன் கிமுராவோடு சேர்ந்து ‘ஜங்கிள் ஜாக்’ என்று தனி அணி அமைத்துப் புல்லுக்கு எதிராக நின்றார். நாயகிகள் எல்லாரும் போய்விட்ட அரங்கில், யாரும் நாயகியாக ஆக்க விரும்பாத இரண்டு பெண்கள் ஒருவரை ஒருவர் அடித்துக்கொண்டு ஜென்ஜோவைத் தூக்கி நிறுத்தினார்கள். நான் இந்தக் காலகட்டத்தைப் பிடித்துக்கொண்டு தொங்குவதற்குக் காரணம் இதுதான். அழகாக இருந்தால்தான் சாம்பியன், மெலிந்திருந்தால்தான் நாயகி என்ற கணக்கை இந்த இரண்டு பேரும் யாரிடமும் அனுமதி கேட்காமல் உடைத்தார்கள்.

1990 செப்டம்பர் 1, ஓமியாவில் முதல் கூண்டுச் சண்டை. விதி எளிது: மூன்று எண்ணிக்கை எதுவும் கிடையாது, கூண்டைவிட்டு முதலில் வெளியே வருபவர் ஜெயித்தவர். அதன் முடிவு அஜா பக்கம் போனது. இதை முழுதாகப் பார்க்காவிட்டாலும் முடிவு என்ன என்று தெரிந்துகொண்டுதான் அடுத்ததற்குப் போக வேண்டும்.

1990 நவம்பர் 14. யோகோஹாமா புன்கா ஜிம்னேசியம். இப்போது போய்ப் பார்க்க முடியாது, 2020இல் மூடிவிட்டார்கள். இதைப் பார்க்க ஒரு மணி நேரம் ஒதுக்குங்கள், ஃபோனில் வேண்டாம், கொஞ்சம் பெரிய திரையில், ஹெட்ஃபோனோடு. வர்ணனை புரியாவிட்டாலும் சத்தத்தைக் குறைக்காதீர்கள், ஏனென்றால் அரங்கின் சத்தம்தான் உங்களுக்கு மொழிபெயர்ப்பாளர். 1985இல் இதே பெண்ணைப் பார்த்து அரங்கம் என்ன சத்தம் போட்டது என்று உங்கள் காதில் இன்னும் இருக்கும். இப்போது அந்தச் சத்தம் எந்த இடத்தில் மாறுகிறது என்று கேளுங்கள்.

ரத்தம் இருக்கும், முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ரத்தம் பார்க்க முடியாதவர்கள் பக்கத்தில் யாரையாவது உட்காரவைத்துக்கொண்டு, கடைசிக் கட்டத்துக்கு வந்தபின் பார்க்கலாம். அந்தக் கட்டத்தில் அஜா ரிங்கின் நடுவில் விழுந்து கிடக்கிறார். புல் கம்பிவலையைப் பிடித்து ஏறுகிறார். இந்த இடத்தில் விதியை ஞாபகப்படுத்திக்கொள்ளுங்கள். உச்சிக்குப் போனபின் அந்தப் பக்கம் இறங்கினால் முடிந்தது, அவர்தான் வெற்றி. காலை அந்தப் பக்கம் போட்டால் போதும். அவர் போடவில்லை. கூண்டின் உச்சியில் எழுந்து நிற்கிறார். ரிங்கைப் பார்த்துத் திரும்பி நிற்கிறார். இரண்டு கையையும் சேர்த்துக் கும்பிடுகிறார். அரங்கத்துக்குப் போடும் கும்பிடு இல்லை அது, விரல்கள் நெஞ்சுக்குப் பக்கத்தில் இருக்கின்றன, ஒரு கணம்தான். பிறகு குதிக்கிறார்.

மேல் கயிற்றிலிருந்து குதித்தால் இடுப்பு என்ன ஆகும் என்று பார்த்தீர்களே, அதை நாலு மீட்டருக்குக் கூட்டிக்கொள்ளுங்கள். கால் இறங்குகிறது, தரைப்பலகை குலுங்குகிறது. அதற்கப்புறம் அவர் எழுந்து வெளியே வருகிறார், ஜெயிக்கிறார். ஜெயிப்பதற்கு அந்தக் குதி தேவையே இல்லை என்பதை அரங்கில் இருந்த ஒவ்வொருவரும் புரிந்துகொண்டிருக்கிறார்கள், அதனால்தான் அந்தச் சத்தம். வெறுக்கப்படுவதற்காகவே தலை சிரைக்கப்பட்ட பெண்ணின் பெயரைச் சொல்லிக் கத்துகிறார்கள். அரை நிமிட வீடியோவில் இது எதுவும் இல்லை. அதில் ஒரு பெண் உயரத்திலிருந்து குதிக்கிறார், அவ்வளவுதான்.

பார்த்து முடித்ததும் அன்றைக்கு வேறு எதையும் பார்க்காதீர்கள்.

அடுத்த நாள் பார்க்க வேண்டியது 1991 ஜனவரி 11, கவாசாகி. புல்லும் கியோகோ இனோயேவும் ஒரு பக்கம், அஜாவும் பைசன் கிமுராவும் மறுபக்கம், தோற்ற ஜோடிக்கு மொட்டை. அஜாவும் பைசனும் தோற்றார்கள், தலை போனது. 1985ஐப் பார்த்துவிட்டு வந்தவர்களுக்கு இங்கே மனம் கொஞ்சம் சங்கடப்படும், படட்டும். முன்பு சிரைக்கும் கும்பலில் ஓரத்தில் நின்றவர் இப்போது நடுவில் நிற்கிறார், எதிரே உட்கார்ந்திருப்பவரும் தன்னைப் போலவே வில்லியாக்கப்பட்ட பெண்தான்.

1992க்கு வந்துவிட்டோம். மெக்சிகோவில் சிஎம்எல்எல் நிறுவனம் பெண்களுக்கு உலகப் பட்டம் ஒன்று உண்டாக்கியபோது அதன் முதல் சாம்பியனும் புல்தான். அதைச் சும்மா தெரிந்து வைத்துக்கொண்டால் போதும். பார்க்க வேண்டியது 1992 நவம்பர் 26, கவாசாகி, புல்லும் அஜாவும் சிவப்பு பெல்ட்டுக்காக. அஜா ஜெயித்தார். 1057 நாள் கையில் வைத்திருந்த பட்டத்தைப் புல் அன்றைக்கு இழந்தார். நான் ஞாபகம் வைத்துக்கொள்ளச் சொன்ன 25 இங்கே வருகிறது. அவருக்கு 25 ஆக ஆறு வாரம்தான் பாக்கி. பழைய வழக்கப்படி என்றால் இதோடு முடிந்திருக்க வேண்டும், அவர் முடிக்கவில்லை, அந்த வழக்கமும் அந்த வருஷங்களில் உடைந்துகொண்டிருந்தது. நேரம் இருந்தால் அதே நிகழ்ச்சியில் மனாமி டொயோட்டாவும் டொஷியோ யமாடாவும் டைனமைட் கன்சாய், மயுமி ஓசாகி ஜோடியோடு மோதியதையும் பாருங்கள். அது வேறு நிறுவனத்தோடு நடந்த மோதல், வேகமே வேறு. புல்லும் அஜாவும் தாங்கிப் பிடித்த வீட்டில் அடுத்த தலைமுறை எப்படிப் பறந்தது என்று தெரியும்.

அமெரிக்கப் பகுதியைச் சீக்கிரம் முடித்துவிடலாம், ஆனால் விட்டுவிடக் கூடாது. 1994 ஆகஸ்ட் 29, சிகாகோ, டபிள்யூடபிள்யூஎஃப்பின் சம்மர்ஸ்லாம் நிகழ்ச்சி, அலுண்ட்ரா பிளேஸோடு மோதித் தோற்றார். பிளேஸ் ஜென்ஜோவில் இருந்து பழகியவர், அதனால் இருவருக்கும் ஒரே மொழி. எட்டு நிமிடச் சண்டைதான். அன்றைக்கு அமெரிக்காவில் பெண்கள் மல்யுத்தம் என்றால் என்ன எதிர்பார்ப்பு இருந்ததோ அதற்கும் இவர்கள் செய்ததற்கும் சம்பந்தமே இல்லை என்பது ஒரு நிமிடத்திலேயே தெரியும். அதே வருஷம் நவம்பர் 20, டோக்கியோ டோமில் ஜென்ஜோ நடத்திய மாபெரும் நிகழ்ச்சி, அறிவித்த கணக்குப்படி 42,500 பேர், ஏறக்குறைய பத்து மணி நேரம் நடந்தது. அங்கே பிளேஸைத் தோற்கடித்து டபிள்யூடபிள்யூஎஃப் பெண்கள் பட்டத்தை எடுத்தார் புல். 1995 ஏப்ரல் 3 ஒளிபரப்பில் அது பிளேஸிடமே திரும்பிப் போனது. இந்த மூன்றில் ஒன்றுதான் பார்க்க நேரம் என்றால் டோக்கியோ டோம். பிறகு டபிள்யூசிடபிள்யூ என்ற இன்னொரு அமெரிக்க நிறுவனத்தில் கொஞ்ச காலம், 1996 ஆகஸ்டில் மோட்டார் சைக்கிளைப் பணயம் வைத்து ஒரு போட்டிகூட உண்டு. அதைத் தாண்டிப் போகலாம், அந்த நிறுவனத்துக்கு அவரை என்ன செய்வது என்றே தெரியவில்லை, எனக்குப் பார்க்கவே கஷ்டமாக இருந்தது.

1997இல் காயத்தோடு ரிங்கை விட்டார். அதற்கப்புறம் கோல்ஃப், நிஜமாகவே தொழில்முறை ஆட்டக்காரராக வேண்டும் என்று அமெரிக்காவில் இருந்து பழகினார். ஆனால் முறையாக விடைபெறாமலே இருந்தது. 2012 ஜனவரி 8, தன் 44ஆவது பிறந்த நாளில் டோக்கியோ டோம் சிட்டி ஹாலில் விடைபெறும் விழா வைத்தார், ரிங்கை விட்டுப் பதினைந்து வருஷம் கழித்து. 2024இல் டபிள்யூடபிள்யூஈ ஹால் ஆஃப் ஃபேமில் அவரைச் சேர்த்தார்கள். இப்போது டபிள்யூடபிள்யூஈ பார்க்கிறவர்களுக்கு அசுக்கா (லயனஸ் அசுக்கா இல்லை, வேறு ஒருவர்), இயோ ஸ்கை எல்லாம் வீட்டுப் பெயர்கள், அவர்கள் முகத்தில் இருக்கும் பூச்சையும் முடியின் நிறத்தையும் இனிமேல் நீங்கள் வேறு மாதிரி பார்ப்பீர்கள்.

எவ்வளவு நேரம் ஆகும் என்று கேட்டால், ஒரு நாளைக்கு ஒரு போட்டி என்று வைத்துக்கொண்டு இரண்டு வாரம் போதும். அதற்கு மேல் வேகமாகப் போகாதீர்கள். பக்கத்தில் ஒரு நோட்டு வைத்துக்கொண்டு ஒவ்வொரு போட்டிக்கும் தேதி, இடம், அன்றைக்கு அவர் முடி எப்படி இருந்தது என்று ஒரு வரி எழுதுங்கள், நான் அப்படித்தான் செய்தேன். போட்டி முடிவுகள் மறந்துபோகும், அந்த முடி பற்றிய வரிகளைத் திரும்பப் படித்தால் முழுக் கதையும் வந்துவிடும். டோக்கியோ டோம் வரைக்கும் வந்தபின், ஒரு வாரம் இடைவெளி விட்டு, யோகோஹாமா கூண்டை இன்னொரு தடவை போடுங்கள். இந்தத் தடவை உச்சியில் நிற்பவரைப் பார்க்காதீர்கள். கீழே கிடக்கும் அஜாவைப் பாருங்கள். இருபது வயது. மேலே கைகூப்பி நிற்பவர் தன்மேல்தான் விழப்போகிறார் என்று தெரியும். அவர் நகரவில்லை.